சிம்பன்சி நம்மைவிட எத்தனை மடங்கு பலசாலி?

கேள்வி இதுதான்: "சிம்பன்சி மனிதனைவிட ஐந்து மடங்கு பலசாலி என்று எங்கே பார்த்தாலும் எழுதுகிறார்களே, அது உண்மையா? பல வருடம் ஜிம்முக்குப் போய் உடம்பைத் தேற்றிய ஒருவரால் அதற்கு ஈடு கொடுக்க முடியுமா?"

ஐந்து மடங்கு என்பது தவறு. எட்டு, பத்து என்று ஏற்றிச் சொல்பவர்களும் இருக்கிறார்கள், அதற்கெல்லாம் ஆதாரமே கிடையாது. முறையாக நடந்த சோதனைகளைச் சேர்த்து வைத்துப் பார்த்தால், இழுப்பது, குதிப்பது போன்ற வேலைகளில் எடைக்கு எடை சிம்பன்சி நம்மைவிடச் சராசரியாக ஒன்றரை மடங்கு பலசாலி. சில சோதனைகளில் இது இரண்டு மடங்கைத் தொடுகிறது. இரண்டாவது கேள்விக்கான பதில் கொஞ்சம் சிக்கலானது. பளு தூக்குவதில் ஈடு கொடுக்கலாம், சண்டையில் முடியாது. ஏன் என்று கடைசியில் சொல்கிறேன்.

'எடைக்கு எடை' என்ற சொற்களைப் பலர் கவனிக்காமல் தாண்டிவிடுகிறார்கள். காட்டில் வாழும் ஆண் சிம்பன்சி பெரும்பாலும் 40 முதல் 60 கிலோ எடைதான் இருக்கும், பெண் சிம்பன்சி அதைவிடக் குறைவு. 50 கிலோ சிம்பன்சிக்குக் கிலோவுக்கு ஒன்றரை மடங்கு பலம் என்றால், அது கிட்டத்தட்ட 75 கிலோ மனிதனின் மொத்த பலத்துக்குச் சமம். அதாவது ஒரு சராசரி ஆண் சிம்பன்சியும் ஒரு சராசரி ஆணும் மொத்தக் கணக்கில் ஏறத்தாழ ஒரே இடத்தில் நிற்கிறார்கள். வியப்பு என்னவென்றால் சிம்பன்சி அதை மிகச் சிறிய உடம்பை வைத்துக்கொண்டு செய்கிறது.

சரி, இந்த ஐந்து மடங்கு எங்கிருந்து வந்தது? 1920களில் அமெரிக்காவில் ஜான் பாமன் என்பவர் நடத்திய சோதனையிலிருந்து. இழுவிசையை அளக்கும் டைனமோமீட்டர் ஒன்றை எடுத்துக்கொண்டு நியூயார்க் பிராங்ஸ் விலங்குக் காட்சிசாலைக்குப் போனார். அங்கே இருந்த சூசெட் என்ற பெண் சிம்பன்சி இரண்டு கையாலும் பிடித்து இழுத்தபோது கருவி 1,260 பவுண்டு, அதாவது சுமார் 570 கிலோ காட்டியதாகப் பதிவு செய்தார். போமா என்ற ஆண் சிம்பன்சி ஒற்றைக் கையால் 847 பவுண்டு, ஏறத்தாழ 384 கிலோ இழுத்ததாம். போமாவின் எடை சுமார் 75 கிலோ. அதன்பின் கல்லூரி மாணவர்களை இழுக்கச் சொன்னார். ஒற்றைக் கையில் அவர்களால் 200 பவுண்டு அளவுக்குத்தான் முடிந்தது. 847ஐ 200ஆல் வகுத்தால் நாலுக்குமேல் வருகிறது. அதை முழுமையாக்கி ஐந்து என்று சொல்லிச் சொல்லியே நூறு வருடம் ஓட்டிவிட்டோம்.

இந்தச் சோதனையில் உள்ள சிக்கல் என்ன? சூசெட்டிடம் போய் "இப்போது முழு பலத்தோடு இழு, மூன்று முறை செய்து சராசரி எடுப்போம்" என்று சொல்ல முடியாது. அதற்கு எப்போது தோன்றுகிறதோ அப்போது இழுக்கும், கோபம் வந்தால் காலை முட்டுக்கொடுத்து மொத்த உடம்பையும் பின்னால் வீசி வெடுக்கென்று இழுக்கும். அப்படி ஒரு கணம் வெடித்து வரும் விசையும், மாணவர் நின்று நிதானமாக இழுக்கும் விசையும் ஒரே அளவுகோலில் அடங்காது. அதோடு, எல்லாச் சோதனையிலிருந்தும் கிடைத்த மிகப் பெரிய எண்ணை எடுத்து அதையே சிம்பன்சி இனத்தின் பலம் என்று சொல்வதும் நியாயமில்லை. மனிதனிலும் இதேபோல் உச்சத்தை எடுக்கலாமே. 2016இல் எடி ஹால் 500 கிலோவைத் தரையிலிருந்து தூக்கி நிமிர்ந்து நின்றார், 2020இல் ஹாஃப்தோர் பியோர்ன்சன் 501 கிலோ தூக்கினார். அந்த எண்ணை வைத்து மனிதன் இத்தனை பலசாலி என்று ஒரு சிம்பன்சி எழுதினால் நாம் சிரிக்க மாட்டோமா?

பாமனின் கணக்கு அப்போதே சந்தேகத்துக்கு உள்ளானது. 1943இல் கிளென் ஃபின்ச் என்ற ஆய்வாளர் எட்டு சிம்பன்சிகளை வைத்து, இன்னும் ஒழுங்கான ஓர் ஏற்பாட்டில் அதையே மறுபடி அளந்தார். வளர்ந்த ஆண் சிம்பன்சி ஏறத்தாழ வளர்ந்த ஆண் ஒருவர் இழுக்கும் அளவையே இழுத்தது. எடை வித்தியாசத்தைக் கணக்கில் எடுத்தால் சிம்பன்சிதான் முன்னே, ஆனால் ஐந்து மடங்கு பக்கம்கூட வரவில்லை. 1960களில் நடந்த சோதனைகளும் இதையே காட்டின, எடைக்கு எடை அதிகபட்சம் இரண்டு மடங்கு. ஆக, அந்தக் கணக்கு தவறு என்று தெரிந்தே எண்பது வருடத்துக்குமேல் ஆகிறது. பரபரப்பான எண்ணுக்கு ஆயுள் கெட்டி என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியவில்லை.

இந்த இடத்தில் பெரும்பாலான கட்டுரைகள் தொடாத ஒரு விஷயத்தையும் சொல்லியாக வேண்டும். எடைக்கு எடை என்று ஒப்பிட்டாலே சிறிய உடம்புக்குத்தான் சாதகம். தசையின் விசை அதன் குறுக்குப் பரப்பைப் பொறுத்தது, எடையோ கன அளவைப் பொறுத்தது. உடம்பு பெரிதாகும்போது எடை வேகமாக ஏறும், விசை அதற்கு ஈடாக ஏறாது. மனிதர்களுக்குள்ளேயே இதைப் பார்க்கலாம். 1988 சியோல் ஒலிம்பிக்கில் 60 கிலோ பிரிவில் போட்டியிட்ட நயீம் சுலைமானோக்லு 190 கிலோவைத் தலைக்குமேல் தூக்கினார், அது தன் எடையைப்போல் மூன்று மடங்குக்குமேல். 2021இல் ஜார்ஜியாவின் லாஷா தலகாட்ஸே 267 கிலோ தூக்கி உலக சாதனை செய்தார். அவருடைய எடை 180 கிலோவைத் தொடும், ஆக ஒன்றரை மடங்குதான். இதை வைத்து சுலைமானோக்லுவின் தசை தலகாட்ஸேயின் தசையைவிட இரண்டு மடங்கு உயர்ந்த ரகம் என்று யாரும் சொல்வதில்லை. எனவே சிம்பன்சியின் அந்த ஒன்றரை மடங்கில் ஒரு பகுதி வெறும் உடல் அளவால் வருவது. மீதிதான் உண்மையான வித்தியாசம்.

அந்த மீதி எவ்வளவு என்பதை 2017இல் வெளியான ஓர் ஆய்வு நன்றாகக் காட்டியது. அரிசோனா பல்கலைக்கழகத்தின் மேத்யூ ஓநீலும் அவருடைய கூட்டாளிகளும் விலங்கை இழுக்கச் சொல்லிப் பார்ப்பதை விட்டுவிட்டு, நேராகத் தசைக்கே போனார்கள். சிம்பன்சியின் தசை இழைகளைத் தனித்தனியாக எடுத்து அவற்றின் விசையையும் சுருங்கும் வேகத்தையும் அளந்து, இடுப்பிலும் காலிலும் உள்ள தசைகளில் எந்த வகை இழை எத்தனை சதவீதம் என்று கணக்கிட்டு, எல்லாவற்றையும் ஒரு கணினி மாதிரியில் போட்டுப் பார்த்தார்கள். கிடைத்த விடை: ஒரே அளவுள்ள தசையை எடுத்துக்கொண்டால், சிம்பன்சியின் தசை இயக்கத்தின்போது தரும் உச்ச விசையும் திறனும் மனிதத் தசையைவிட 1.35 மடங்கு.

இதில் எனக்கு மிகவும் பிடித்தது, அவர்கள் எதைக் காணவில்லை என்பது. சிம்பன்சியின் இழை ஏதோ வேறு பொருளால் ஆனது, அதன் ஒவ்வொரு இழையும் நம்முடையதைவிட முரட்டுத்தனமானது என்று ரொம்ப காலமாக ஓர் ஊகம் இருந்தது. அது பொய்த்துப்போனது. ஒரே வகை இழையை எடுத்து ஒப்பிட்டால், அசையாமல் பிடித்து நிற்கும்போது தரும் விசையிலும் சரி, சுருங்கும் வேகத்திலும் சரி, இரண்டு இனத்துக்கும் பெரிய வேறுபாடில்லை. வித்தியாசம் கலவை விகிதத்தில் இருக்கிறது. தசை இழைகளை மோட்டாகப் பிரித்தால் மெதுவாகச் சுருங்கிக் களைக்காமல் உழைப்பவை ஒரு வகை, வெடுக்கென்று சுருங்கிச் சீக்கிரம் களைப்பவை இன்னொரு வகை. சிம்பன்சியின் தசையில் சுமார் 67 சதவீதம் வேக இழைகள். மனிதரில் கிட்டத்தட்ட தலைகீழ், சராசரியாக 70 சதவீதம் அளவுக்கு மெதுவான இழைகள். இதோடு சிம்பன்சியின் இழைகள் நீளமானவை. நீளமான இழை அதிக தூரம், அதிக வேகத்தில் சுருங்க முடியும், அப்படிச் சுருங்கும்போதும் விசையை விடாமல் பிடித்துக்கொள்ளும்.

ஆக, நின்ற இடத்தில் ஒரு சுமையை அசையாமல் பிடித்துக்கொண்டிருப்பதில், தசைக்குத் தசை, சிம்பன்சி நம்மைவிட மேலில்லை. பிடுங்குவது, எம்புவது, வீசி இழுப்பது என்று வேகம் கலந்த வேலை வந்தால்தான் இடைவெளி திறக்கிறது. இந்த 70 சதவீதமும் ஒரு சராசரிதான். நூறு மீட்டர் ஓட்டக்காரர்களின் தொடைத் தசையில் வேக இழைகள் பாதிக்குமேல் இருக்கும், மாரத்தான் ஓட்டக்காரர்களில் மெதுவான இழைகள் மிக அதிகம்.

குதிப்பதிலும் இதே கதை. 2006இல் வெளியான ஓர் ஆய்வில், சிம்பன்சிக்கு மிக நெருங்கிய உறவான போனபோக்கள் மூன்றை நின்ற இடத்திலிருந்து மேலே குதிக்க வைத்து அளந்தார்கள். மூன்றுமே உடம்பின் ஈர்ப்பு மையத்தை 70 சென்டிமீட்டருக்குமேல் எழுப்பின. மனிதர்கள் வழக்கமாக 30 முதல் 40 சென்டிமீட்டர். நம்முடைய கால்தான் நீளம், நம்முடைய கால்தான் தசை கனத்தது, இருந்தும் குட்டைக் கால் போனபோ நம்மை இரண்டு மடங்கு மிஞ்சுகிறது.

2014இல் இன்னொரு சோதனை நடந்தது. அதில் சிம்பன்சிகள், மக்காக் குரங்குகள், மனிதர்கள் என்று மூன்று தரப்பும் ஒரு கைப்பிடியை இழுத்துச் சுமையை நகர்த்த வேண்டும். மனிதர்களில் கல்லூரிக் கூடைப்பந்து வீரர்களும் தொழில்முறை மலையேறிகளும் இருந்தார்கள். எடையைச் சரிக்கட்டிய பிறகு மனிதர்கள் மற்ற இரண்டு இனங்களும் காட்டிய பலத்தில் பாதிக்குக் குறைவாகவே தேறினார்கள். இந்த எண்ணைச் சில இடங்களில் 1.35க்கு எதிர்ச்சான்றாகக் காட்டுகிறார்கள். அப்படிப் பார்ப்பது சரியில்லை என்பது என் கருத்து. ஒன்று ஒரு துண்டுத் தசையின் அளவு, மற்றது முழு உடம்பு ஒரு குறிப்பிட்ட வேலையில் காட்டும் அளவு. கையால் இழுக்கும் வேலை என்றாலே, கையில் நிறையத் தசையை வைத்திருக்கும் விலங்குக்கு அது சொந்த மைதானம். மக்காக் குரங்கு விஷயத்தில் உடல் சிறியது என்ற சாதகமும் சேர்கிறது.

எந்தத் தசை எங்கே இருக்கிறது என்பது அவ்வளவு முக்கியம். நம் தசையில் பெரும்பங்கு இடுப்புக்குக் கீழே. பிட்டத் தசை மனிதனில் இருக்கும் அளவுக்கு வேறு எந்தக் குரங்கிலும் பெரிதில்லை. சிம்பன்சியின் கை அதன் காலைவிட நீளம், தோள் மூட்டு மேல்நோக்கித் தூக்கலாக அமைந்தது, விரல்கள் வளைந்து கொக்கிபோல் தொங்க ஏற்றவை. மரத்தில் தன் முழு எடையையும் ஒரு கையில் தொங்கவிட்டுக்கொண்டு பழம் பறிப்பது அதற்கு அன்றாட வேலை. அப்புறம் கொழுப்பு. போனபோக்களின் உடலைக் கூறுபோட்டு அளந்தவர்கள், ஆண்களில் கொழுப்பு இருப்பதே தெரியாத அளவுக்குக் குறைவு என்று கண்டார்கள். ஒல்லியான மனிதனின் எடையில்கூடக் கணிசமான பங்கு கொழுப்பு. எடைக்கு எடை ஒப்பிடும்போது அந்தக் கொழுப்பும் நம் கணக்கில் ஏறிவிடுகிறது, வேலை மட்டும் செய்வதில்லை.

நரம்பு பற்றி ஒரு கருதுகோளும் உண்டு. 2009இல் ஆலன் வாக்கர் என்ற மானுடவியலாளர் முன்வைத்தது. தண்டுவடத்திலிருந்து வரும் ஒவ்வொரு இயக்க நரம்பணுவும் ஒரு கொத்துத் தசை இழைகளை ஆள்கிறது. நம்மிடம் சிறு சிறு கொத்துகள் அதிகம், எனவே கொஞ்சம் கொஞ்சமாக விசையைக் கூட்டிக் குறைத்து ஊசியில் நூல் கோக்க முடிகிறது. சிம்பன்சிக்கு அந்த நுணுக்கம் குறைவு, இழுத்தால் நிறைய இழைகள் ஒரே நேரத்தில் இழுக்கும் என்றார். கேட்க அழகாக இருக்கிறது. ஆனால் 2017 ஆய்வுக்குப் பிறகு, பல மடங்கு என்ற புதிரே பாதி கரைந்துவிட்டதால், அதை விளக்க இந்தக் கருதுகோளை அவ்வளவாக நம்பியிருக்க வேண்டிய தேவையில்லை என்று நினைக்கிறேன்.

தாடையையும் ஒரு வார்த்தை சொல்லிவிடலாம். கடிக்கும் தசைகளில் வேலை செய்யும் ஒரு மயோசின் (தசையைச் சுருங்கவைக்கும் புரதம்) மரபணு மனிதரில் மட்டும் செயலிழந்து கிடக்கிறது என்று 2004இல் பென்சில்வேனியா பல்கலைக்கழக ஆய்வாளர்கள் கண்டறிந்தார்கள். மற்ற குரங்குகளில் அது ஒழுங்காக வேலை செய்கிறது. அந்த மாற்றம் எப்போது நடந்தது, மூளை வளர்ச்சிக்கும் அதற்கும் தொடர்பு உண்டா என்பதில் பெரிய சர்ச்சை நடந்தது. நம் தாடைத் தசை மெலிந்தது என்பதில் மட்டும் சர்ச்சை இல்லை.

இவ்வளவையும் படித்துவிட்டு மனிதன் நோஞ்சான் என்று முடிவு கட்டுவது எளிது. ஆனால் அந்த மெதுவான இழைகள் சும்மா வரவில்லை. நாமும் சிம்பன்சியும் பிரிந்து ஏழு எட்டு மில்லியன் ஆண்டுகள் ஆகின்றன, அதற்குப்பின் நம் முன்னோர்கள் தரையில் நெடுந்தூரம் நடந்து பிழைத்தவர்கள். மெதுவான இழை குறைந்த செலவில் திரும்பத் திரும்பச் சுருங்கும். 2007இல் சிம்பன்சிகளை ஓடுபொறியில் நடக்கவிட்டு ஆக்சிஜன் செலவை அளந்தபோது, ஒரே தூரத்தை நடக்க மனிதனுக்கு ஆகும் ஆற்றல் சிம்பன்சிக்கு ஆவதில் கால்வாசிதான் என்று தெரிந்தது. சிம்பன்சி இடுப்பையும் முட்டியையும் முழுக்க நீட்டி நிற்க முடியாது, மடங்கிய காலோடு நடக்க வேண்டும், அதனால் தொடைத் தசை ஓயாமல் உழைக்க வேண்டியிருக்கிறது. குதிகாலுக்குமேல் உள்ள நீண்ட தசைநாண், ஓடும்போது ஆற்றலைத் தேக்கித் திருப்பித் தருவது, நமக்கு உண்டு, அதற்குக் கிட்டத்தட்ட இல்லை. வியர்வைச் சுரப்பிகளின் அடர்த்தி நமக்கு அதைப்போல் ஏறத்தாழ பத்து மடங்கு. பகல் வெயிலில் பத்து கிலோமீட்டர் பந்தயம் வைத்தால், தினமும் நடக்கும் பழக்கமுள்ள நடுத்தர வயதுக்காரர் யாரும் சிம்பன்சியைத் தோற்கடித்துவிடுவார்.

எறிவதிலும் அது நம் பக்கத்தில் நிற்க முடியாது. ஆண் சிம்பன்சி ஒரு பொருளை எறியும் வேகம் மணிக்கு 30 கிலோமீட்டர் அளவுதான். பேஸ்பால் பழகும் பன்னிரண்டு வயதுப் பையன் அதைப்போல் மூன்று மடங்கு வேகத்தில் எறிவான். கை பலத்தில் கொடிகட்டிப் பறக்கும் விலங்கு, கையால் செய்யும் இந்த வேலையில் ஒரு சிறுவனிடம் தோற்கிறது. காரணம், தோளைப் பின்னுக்கு இழுத்து அங்குள்ள தசைநார்களில் ஆற்றலைத் தேக்கிச் சட்டென்று விடுவிக்கும் அமைப்பு நம் தோளில் இருக்கிறது என்று 2013இல் ஹார்வர்ட் ஆய்வாளர்கள் காட்டினார்கள்.

இப்போது அந்த ஜிம்காரர். தரையிலிருந்து பளு தூக்கும் போட்டி என்றால் நன்றாகப் பழகிய 80 கிலோ மனிதர் சிம்பன்சியை வெல்ல நல்ல வாய்ப்பு உண்டு. கால், இடுப்பு, முதுகு எல்லாம் சேர்ந்து செய்யும் வேலை அது, அங்கே நம் கை ஓங்கும். ஒற்றைக் கையில் தொங்கி உடம்பை மேலே இழுப்பது என்றால் போட்டியே வேண்டாம்.

சண்டை என்றால் இந்த மடங்குக் கணக்கையெல்லாம் ஒதுக்கிவிடுங்கள். அங்கே முடிவு செய்வது தசை மட்டும் இல்லை. வளர்ந்த ஆண் சிம்பன்சிக்கு நீண்ட கோரைப் பற்கள் இருக்கின்றன. பற்றிப் பிடிக்க இரண்டு கையோடு இரண்டு பாதமும் உண்டு. எதிரியின் விரல், முகம், விதைப்பை என்று தேடித் தாக்குவது அவற்றின் வழக்கம். தான்சானியாவின் கோம்பே காட்டில் 1974 முதல் 1978 வரை ஒரு சிம்பன்சிக் கூட்டம் பிரிந்துபோன இன்னொரு கூட்டத்தின் ஆண்களை ஒவ்வொன்றாகக் கொன்று தீர்த்ததை ஜேன் குடாலின் குழு பதிவு செய்திருக்கிறது. ஆயுதமில்லாத மனிதன், எவ்வளவு பயிற்சி பெற்றவராக இருந்தாலும், ஒரு வளர்ந்த சிம்பன்சி வெறியோடு பாயும்போது தாங்க மாட்டார்.

விசித்திரம் என்னவென்றால், பலத்தை ஐந்து மடங்கு என்று மிகைப்படுத்தும் அதே ஆட்கள்தான் ஆபத்தைக் குறைத்து மதிப்பிடுகிறார்கள். அதற்கு ஒரு காரணம், சினிமாவிலும் விளம்பரத்திலும் சட்டை போட்டுக்கொண்டு வரும் சிம்பன்சிகள் பெரும்பாலும் குட்டிகள். ஏழு எட்டு வயதைத் தாண்டினால் பழக்கியவர்களாலேயே அவற்றைக் கையாள முடியாமல் போகும், ஆனால் அவை ஐம்பது வயதுவரைகூட வாழும். நன்றாக நடத்தப்படும் விலங்குக் காட்சிசாலைகளில் வளர்ந்த சிம்பன்சியோடு பராமரிப்பாளர்கள் ஒரே கூண்டுக்குள் நுழைவதே கிடையாது. உணவு, மருத்துவம், ஊசி எல்லாம் கம்பி வலைக்கு இந்தப் பக்கம் நின்றுதான்.